என் வரிக்கு அவள் வாங்கிய சிரிப்பு

கட்சூரா
21 செப்டம்பர் 1981

ஏங்க,

நல்லபடியா வந்து சேர்ந்துட்டேன். கினு அக்கா ஸ்டேஷனுக்கே வந்து என் பெட்டியைப் பிடுங்கிக்கிட்டா. கழுத்துல ஒரு சிலேட்டைக் கட்டித் தொங்கவிட்டிருக்கா. தொண்டைக் கட்டியை எடுத்த டாக்டர் ரெண்டு மாசத்துக்கு வாயே திறக்கக் கூடாதுன்னு சொன்னாரில்ல, அதை என்னைவிட அவதான் கெட்டியா பிடிச்சுக்கிட்டிருக்கா. நான் தும்மினாக்கூட முறைக்கிறா. அவ நடத்துற விடுதி நிறைய வெந்நீர் ஊற்றுல குளிக்க வந்த பெரிசுங்க. "டிவியில புருஷனை அந்தத் திட்டு திட்டுவாங்களே, அவங்களா இது? பேச்சு வராதா?"ன்னு என் எதிர்லயே கேக்குறாங்க. நான் சிலேட்டுல "வராது"ன்னு எழுதிக் காட்டுறேன். பாவம்னு ஒரு அம்மா எனக்கு ஆரஞ்சு உரிச்சுக் குடுத்துது.

அதெல்லாம் இருக்கட்டும். நேத்து மத்தியானம் சாப்பாட்டு ஹாலில் டிவி பார்த்தேன்.

"மேனேஜர் யாரையாவது ஏற்பாடு பண்ணுவார்"னு ஆஸ்பத்திரியில சொன்னீங்க. நான் யாரோ ரிட்டையர் ஆன அம்மாவா இருக்கும்னு நெனச்சேன். ருமின்னு பேர் போட்டாங்க. என்ன வயசு, இருபதா? மைக்குக்கு இடது பக்கம், பதினாலு வருஷமா நான் நின்ன இடத்துல, மஞ்சள் சட்டை போட்டுக்கிட்டு நிக்கிறா. வலது பக்கம் நீங்க, வழக்கம்போல திட்டு வாங்கக் கழுத்தை நீட்டிக்கிட்டு.

"இவர் குறட்டை விட்டா பக்கத்து வீட்டுக்காரர் ரயில் வந்துடுச்சுன்னு பெட்டியைத் தூக்கிக்கிட்டு ஓடுறார்யா." இது என் வரி. உங்க குறட்டைக்குப் பக்கத்துல படுத்து நான் சம்பாதிச்ச வரி. வீட்டுல நான் திட்டுறது, நீங்க அதை நோட்டுல எழுதிக்கிறது, மறுவாரம் மேடையில அதையே நான் திட்டுறது, இப்படித்தானே ரெண்டு பேர் நின்னு பேசிச் சிரிக்க வைக்கிற நம்ம மன்ஸாய் ஓடுது. அவளுக்கு உங்க குறட்டை எப்படித் தெரியும்? நோட்டைப் படிச்சுத் தெரிஞ்சுக்கிட்டான்னு எனக்கும் தெரியும். இருந்தாலும் கேக்குறேன்.

இன்னொண்ணும் சொல்லிடறேன். ஹால் கடிகாரத்தைப் பார்த்து எண்ணினேன். அந்த வரிக்கு எனக்கு எப்பவும் நாலு செகண்டு சிரிப்பு வரும். அவளுக்கு ஏழு.

மசுயோ


ஒசாகா
27 செப்டம்பர்

மசு,

கடிதம் வந்துது. படிக்கும்போதே காது வலிச்சுது. வாயை மூடி அனுப்பினா பேனாவால திட்டுறே.

அந்தப் பொண்ணைப் பத்தி சொல்லாம விட்டது தப்புதான். சொல்லியிருந்தா தையல் பிரியற மாதிரி கத்தியிருப்பே. மேனேஜர் குரோதா பிடிச்சுட்டு வந்தார். நாராவுல சுற்றுலா பஸ்ஸில் மைக்கைப் பிடிச்சுக்கிட்டு, "இந்தப் பக்கம் கோயில், அந்தப் பக்கம் மான், கையை வெளியே நீட்டாதீங்க"ன்னு சொல்லிக்கிட்டு இருந்தவ. வயசு இருபத்திரண்டு. என்னை அண்ணான்னுதான் கூப்பிடுறா, மேடையில மூத்தவங்களை எல்லாரும் கூப்பிடுற மாதிரி. மைக்குக்கு முன்னாடி வந்தா வாய் பயமில்லாம பேசுது, கைதான் நடுங்குது. அதனால என் கையைப் பிடிச்சுக்கிட்டுத்தான் ஏறுறா. அவ்வளவுதான் விஷயம்.

நெனச்சுப் பாரு மசு. ஊரெல்லாம் மன்ஸாய் பைத்தியம் பிடிச்சு அலையுது. முறைப்பா இருந்த டோக்கியோக்காரன்கூட நம்ம ஒசாகா பேச்சைப் பேசிப் பார்க்கிறான். இந்த நேரத்துல ரெண்டு மாசம் முகம் காட்டலேன்னா நம்ம பேரை மறந்துடுவாங்க. தினம் மூணு ஆட்டம் இருக்கு. நான் மட்டும் தனியா நின்னா யார் என்னைத் திட்டுவாங்க? பஸ்ஸில் துண்டு போட்டு இடம் பிடிக்கிறதில்லையா, அந்த மாதிரிதான். உனக்குத்தான் இடம். ருமி வெறும் துண்டு.

சாப்பாட்டைப் பத்திக் கவலைப்படாதே. முந்தாநாள்கூட ருமி ஒரு பாத்திரம் நிறைய கறிக்குழம்பு கொண்டு வந்து குடுத்தா. கேரட்டை எல்லாம் பூ மாதிரி வெட்டிப் போட்டிருந்தா. ரெண்டு நாளைக்கு வந்துது. நீ நிம்மதியா இரு.

தொகுஜி


கட்சூரா
3 அக்டோபர்

யோவ்,

மேடையில கூப்பிடுற மாதிரியே கூப்பிடுறேன். உங்க கடிதத்துக்கு "ஏங்க" பத்தாது.

துண்டுன்னு எழுதியிருக்கீங்க. துண்டு கறிக்குழம்பு வைக்குமாய்யா?

எனக்கு அந்தக் கேரட்டைப் பத்தித்தான் பேசணும். பசிக்குச் சமைக்கிறவ கேரட்டை வட்டமா வெட்டுவா. அவசரத்துல இருக்கிறவ குறுக்கால நாலு வெட்டு வெட்டிப் போடுவா. அடுத்தவ புருஷனுக்காக உக்கார்ந்து ஒவ்வொரு கேரட்டா பூ வெட்டுறாள்னா, அவ நெனப்பு கேரட்டுல இல்ல. ஒரு பூவுக்கு எத்தனை இதழ்? அஞ்சா, ஆறா? அஞ்சுன்னா இரக்கப்பட்டு வச்சிருக்கா, போகட்டும். ஆறுன்னா சொல்லுங்க, நான் இப்பவே ரயில் ஏறுறேன்.

அப்புறம் அந்தப் பாத்திரம். கழுவிக் குடுத்தீங்களா? நம்ம சமையலறைக் குழாயை எந்தப் பக்கம் திருகணும்னு பன்னிரண்டாவது வருஷத்துல கேட்டவர் நீங்க. வெறும் பாத்திரமா திருப்பிக் குடுக்கிறது முறையில்லேன்னு உள்ளே ஏதாவது வச்சுக் குடுத்திருப்பீங்களே, என்ன வச்சீங்க? நம்ம வீட்டுல இருந்து என்ன போச்சு? போன வருஷம் என் பிறந்த நாளுக்கு நீங்க குடுத்தது ஒரு வாணலி. அதுவும் உங்களுக்கு முட்டை பொரிக்க. அவ பாத்திரத்துல போனது என்னன்னு எழுதுங்க, வாணலியோட ஒப்பிட்டுப் பார்த்துக்கிறேன்.

கையைப் பிடிச்சுக்கிட்டு ஏறுறாளாம். என் கையை நீங்க கடைசியா பிடிச்சது ஆஸ்பத்திரி படிக்கட்டுல. அதுவும் உங்க கால் இடறினதால. விழறவர் கம்பியைப் பிடிக்கிற மாதிரி பிடிச்சீங்க. அதுக்கே நான் ரெண்டு நாள் சந்தோஷமா இருந்தேன்.

படிக்கும்போது சிரிக்கிறீங்கன்னு தெரியும். சிரிக்காதீங்க. நான் நெஜமாவே எரிஞ்சுக்கிட்டு இருக்கேன். குளிக்க இறங்கினா எனக்குத் தண்ணி சுடுதா, தண்ணிக்கு என்னால சுடுதான்னு தெரியல. வேற யார்கிட்டயும் இதைச் சொல்ல முடியாது. வாயும் இல்ல, சொன்னா மானமும் இல்ல. உங்ககிட்ட மட்டும்தான் சொல்றேன்.

மசுயோ


ஒசாகா
14 அக்டோபர்

மசு,

அஞ்சுதான். நான் எண்ணல, ஆனா அஞ்சுதான்.

பாத்திரத்துல நாலு ஆரஞ்சு வச்சுக் குடுத்தேன். உங்க அக்கா அனுப்பினதுதான்.

இந்த வாரம் கொட்டகை அதிருது. ரெண்டாவது ஆட்டத்துக்கு ஜனம் சுவரோரமா நிக்குது. குரோதா நேத்து என் தோள்ல தட்டினார். பதினாலு வருஷத்துல அவர் என்னைத் தொட்டது இதுதான் முதல் தடவை. புதுசா ஒரு அஞ்சு நிமிஷம் சேர்த்திருக்கோம். அது நல்லா எடுபடுது.

ஞாயிற்றுக்கிழமை டிவியிலயும் அதைத்தான் பண்ணச் சொல்றாங்க. நீ பார்க்க வேண்டாம். சிரிச்சாத் தொண்டைக்கு ஆகாதுன்னு டாக்டர் சொன்னாரில்ல. ஞாயிறு மத்தியானம் கடற்கரைப் பக்கம் நடந்துட்டு வா. காத்து நல்லா இருக்கும்.

தொகுஜி


கட்சூரா
19 அக்டோபர்

திரு. தொகுஜி அவர்களுக்கு,

நான் கடற்கரைக்குப் போகவில்லை.

ஹாலில் முப்பது பேர் இருந்தாங்க. நான் பின்னாடி, தட்டு அடுக்குற இடத்துல நின்னேன். குறட்டை போச்சு, உங்க அம்மாவோட ஊறுகாய் போச்சு, எல்லாம் பழசு. அப்புறம் அவ உங்க பக்கம் திரும்பி, "துண்டு கறிக்குழம்பு வைக்குமாய்யா?"ன்னு கேட்டா.

முதல்ல எனக்குப் புரியவே இல்ல. எங்கேயோ கேட்ட மாதிரி இருக்கேன்னு நெனச்சேன். "அஞ்சுன்னா இரக்கப்பட்டு வச்சிருக்கா, போகட்டும்"னு அவ சொன்னப்பதான் அது நான் உங்களுக்கு எழுதின கடிதம்னு உறைச்சுது. வாணலி வந்துது. குழாய் வந்துது. ஆஸ்பத்திரி படிக்கட்டு வந்துது. "அதுக்கே நான் ரெண்டு நாள் சந்தோஷமா இருந்தேன்"னு அவ உங்க மூஞ்சியைப் பார்த்துச் சொன்னா. நீங்க முழிச்சீங்க. கொட்டகை இடிஞ்சு விழுற மாதிரி சிரிச்சாங்க.

ஹாலில் பெரிசுங்க எல்லாம் பாயில உருண்டுது. எங்க அக்கா கண்ணைத் துடைச்சுக்கிட்டுச் சிரிச்சா. நான் சிலேட்டை எடுத்து "இது என் கடிதம்"னு எழுதிக் காட்டினேன். பக்கத்துல இருந்த பெரியவர் அதைப் படிச்சுட்டு இன்னும் சத்தமா சிரிச்சார். நானும் ஒரு ஜோக் அடிக்கிறேன்னு நெனச்சுட்டார். கத்தணும்போல இருந்துது. கத்தவும் முடியாது. சமையல்கட்டுக்குப் போய் முகத்தைத் துணியில புதைச்சுக்கிட்டு நின்னேன்.

இன்னைக்குக் காலையில ஸ்கூலுக்குப் போற பிள்ளைங்க தெருவுல ஒருத்தனை ஒருத்தன் தள்ளிவிட்டுக்கிட்டு, "அஞ்சா, ஆறா?"ன்னு கேட்டுக்கிட்டுப் போனாங்க. ஒசாகாவுல இருந்து இவ்வளவு தூரம், ஒரே நாள்ல வந்து சேர்ந்துடுச்சு என் வயித்தெரிச்சல்.

அவ என் இடத்துல நின்னா, சரின்னு விட்டேன். என் வரியைச் சொன்னா, நோட்டுல இருந்ததுதானேன்னு விட்டேன். அவ மேல எனக்கு இருக்கிற பொறாமையையும் அவளே பேசிக் கைதட்டு வாங்கிட்டா, அப்புறம் எனக்குன்னு என்னய்யா மிச்சம்? உங்களுக்கு மட்டும்னு எழுதினதை நீங்க அவகிட்டயே குடுத்தீங்க. பூ வெட்டினவகிட்டயே குடுத்தீங்க.

இதுதான் கடைசிக் கடிதம். இங்க மழை பெய்யுது. அக்கா நல்லா இருக்கா. தொண்டை ஆறிக்கிட்டு வருது. இதையும் மேடையில பேசச் சொல்லுங்க, யார் சிரிக்கிறாங்கன்னு பார்க்கலாம்.

மசுயோ


ஒசாகா
29 அக்டோபர்

மசு,

பத்து நாளா எழுதி எழுதிக் கிழிச்சேன். நடந்ததை நடந்தபடியே சொல்லிடறேன்.

உன் கேரட் கடிதம் வந்தப்போ நான் ஒப்பனை அறையில இருந்தேன். பிரிச்சுப் படிச்சேன். தனியா உக்கார்ந்து சிரிச்சேன். என்னண்ணா, என்னண்ணான்னு எல்லாரும் கேட்டாங்க. நாலு வரி படிச்சுக் காட்டினேன். அப்புறம் முழுசும் படிச்சேன். உருண்டு புரண்டு சிரிச்சாங்க. எனக்குப் பெருமையா இருந்துது, மசு. என் பெண்டாட்டி எழுதினதுன்னு சொன்னேன். அன்னைக்கு ரெண்டாவது ஆட்டத்துல ஜனம் மந்தமா இருந்துது. குறட்டைக்கே சிரிக்கல. எனக்கு வியர்த்துது. ருமி சட்டுன்னு கேரட்டை எடுத்தா. ஒரு தடவைதான் கேட்டிருந்தா, அப்படியே ஒப்பிச்சா. நான் தடுக்கல. எனக்கு வாயில பதில் தயாரா வந்துடுச்சு.

உன் கையெழுத்தைப் பார்த்தா எனக்கு வேற எதுவும் தெரியறதில்ல. பதினாலு வருஷமா நீ கோபப்பட்டா நான் நோட்டைத் தேடிப் பழகிட்டேன். நீ அழுது எழுதியிருந்தாலும் எங்க சிரிப்பு வரும்னுதான் கண்ணு ஓடியிருக்கும். இது நல்ல பழக்கம் இல்லேன்னு இப்பதான் தெரியுது. வேற யாருக்கும் இந்தத் தப்பு பண்ணத் தெரியாது, நம்ம தொழில்ல இருக்கிறவனுக்குத்தான் தெரியும்.

மழை பெய்யுதுன்னு எழுதின கடைசிக் கடிதம் மேசை மேல இருந்துது. ருமி எடுத்துப் படிச்சுட்டா. படிச்சுட்டு, "இதுவும் நல்லா வரும் அண்ணா, நிறுத்தி நிறுத்திப் பேசினா"ன்னு சொன்னா. என் வாழ்க்கையில முதல் தடவையா ஒரு பொண்ணுக்கு வாசலைக் காட்டி வெளியே போன்னு சொன்னேன். அவளுக்கு எதுக்குன்னே புரியல. அவ பேர்ல தப்பில்ல. அவளுக்கு அதைக் கத்துக் குடுத்தது நான்தான்.

கேரட்டை நிறுத்திட்டேன். நீ எழுது. திட்டியாவது எழுது. யாருக்கும் காட்ட மாட்டேன்.

தொகுஜி


ஒசாகா
13 நவம்பர்

மசு,

பதில் இல்ல. போன் பண்ணினா உங்க அக்கா எடுத்து, "அவ பேசக் கூடாது, எனக்குப் பேசப் பிடிக்கல"ன்னு வச்சுடுறாங்க. டாக்டர் சொன்ன கெடு செவ்வாய்க்கிழமையோட முடிஞ்சுதே, குரல் எப்படி இருக்குன்னு மட்டுமாவது ஒரு கார்டு போட்டிருக்கலாம்.

கேரட்டை எடுத்த பிறகு ஆட்டம் விழுந்துடுச்சு. பழைய நோட்டை எடுத்துப் பேசுறோம். முதல் வரிசையில ஒரு ஆள் டப்பாவைப் பிரிச்சுச் சாப்பிட ஆரம்பிச்சுட்டான். ருமி நல்லாத்தான் பேசுறா. ஆனா திட்டும்போது அவளுக்குக் கோபம் வரல, கோபமா நடிக்கிறா. உன்கிட்ட திட்டு வாங்கினா எனக்கு நெஜமாவே கொஞ்சம் பயமா இருக்கும். ஜனம் சிரிச்சது அந்தப் பயத்துக்குத்தான்னு இப்ப தோணுது.

இனிமே ஒரு நல்ல சேதி. டோக்கியோ டிவிக்காரங்க ஜனவரியில இருந்து வாராவாரம் கூப்பிடுறாங்க. அவங்களுக்கு வேண்டியது கேரட் மாதிரியான சரக்கு. அதை எழுதுறது நீதான்னு நான் சொல்லிட்டேன். சண்டை போட்டுத்தான் சம்மதிக்க வச்சேன். திரையில உன் பேர் வரும், "எழுத்து: மசுயோ"ன்னு. நீ எழுது, ருமி பேசட்டும். உன் தொண்டைக்கும் அலைச்சல் இல்ல. தினம் மூணு ஆட்டம் கத்திக் கத்தித்தானே இந்தக் கட்டி வந்துது? நீ வீட்டுல இரு. நான் சாயந்திரம் வந்தா சேர்ந்து டீ குடிக்கலாம். பதினாலு வருஷமா நாம வீட்டுல உக்கார்ந்து டீ குடிச்சதே இல்ல. உன்னைத்தான் நான் பெருசா நெனக்கிறேன்னு இதுலயாவது உனக்குப் புரியணும். சந்தோஷப்படுவேன்னு நம்புறேன்.

இருபத்தஞ்சாம் தேதிக்குள்ள முடிவு சொல்லச் சொல்றாங்க.

தொகுஜி


கட்சூரா
24 நவம்பர்

தொகுஜிக்கு,

குரல் வந்துடுச்சு. உங்ககிட்ட மறைச்சேன்.

பத்தாம் தேதி இங்க ஆஸ்பத்திரியில டாக்டர் "ஆ" சொல்லச் சொன்னார். சொன்னேன். யாரோ பின்னாடி நின்னு சொன்ன மாதிரி இருந்துது, திரும்பிப் பார்த்தேன். துறைமுகத்துல கயிறு இழுக்கிற ஆம்பிளைங்க குரல். கரகரன்னு, பாதியில காத்துப் போகுது. "இனிமே இதுதாம்மா"ன்னு டாக்டர் சொன்னார். நான் அவருக்கு நன்றி சொன்னேன், அதுவும் அந்தக் குரல்லதான் வந்துது. வீட்டுக்கு வந்து மறுபடி சிலேட்டை மாட்டிக்கிட்டேன். பத்து நாள் ஊமை வேஷம் போட்டேன். உங்க டோக்கியோ கடிதம் வந்தப்போ, இந்தக் குரலோட எனக்கு அதுதான் லாயக்குன்னு ஒரு நாள் முழுக்க நெனச்சேன். பேனாவை எடுத்து முதல் வரிகூட எழுதினேன், அவ பேசுறதுக்கு. எழுதும்போதே அவளுக்கு எத்தனை செகண்டு வரும்னு எண்ண ஆரம்பிச்சுட்டேன். கிழிச்சுப் போட்டேன்.

சனிக்கிழமை மத்தியானம் விடுதியில சூரை மீன் படகுக்காரங்க விருந்து. நாப்பது ஆம்பிளைங்க. ஆள் பத்தலேன்னு அக்கா என்னையும் தட்டு தூக்க வச்சா. ஹமாகுச்சின்னு ஒரு படகுச் சொந்தக்காரர், தலையில ஒரு முடி கிடையாது. என்னை அடையாளம் கண்டுக்கிட்டு எழுந்து நின்னு, "அம்மா, அஞ்சா, ஆறா?"ன்னு கத்தினார். எல்லாரும் சிரிச்சாங்க.

தட்டைக் கீழ வச்சேன். சிலேட்டைக் கழட்டினேன். "ஏன்யா, எண்ணத் தெரியாதா? உன் தலையில இருக்கிற முடியை எண்ணிப் பழகு, ஒண்ணுல இருந்து ஆரம்பிக்க வேண்டியிருக்காது"ன்னு சொன்னேன். அந்தக் குரலைக் கேட்டு ஹால் அப்படியே அமுங்கிப் போச்சு. செத்தேன்னு நெனச்சேன். அப்புறம் ஒருத்தன் சிரிச்சான், குரலுக்குத்தான் சிரிச்சான். சரி, சிரிடான்னு விட்டேன். நான் நிறுத்தல. அவர் படகைத் திட்டினேன், அவர் சட்டையைத் திட்டினேன், அவர் சாப்பிடுற அழகைத் திட்டினேன். மூணாவது நிமிஷத்துல இருந்து குரலை யாரும் கவனிக்கல. இருபது நிமிஷம். அந்த ஆள் குச்சியில மீனைப் பிடிச்சபடி என் பக்கத்துல நின்னு முழிச்சார். சரியான இடத்துல முழிச்சார். நான் கழட்டிப் போட்ட சிலேட்டை எடுத்து தன் கழுத்துல மாட்டிக்கிட்டார். அதுக்கு ஒரு சிரிப்பு வந்துது பாருங்க, அக்கா சமையல்கட்டுல இருந்து ஓடி வந்துட்டா.

அன்னைக்குத்தான் எனக்கு என்னைப் பத்தியே ஒண்ணு தெரிஞ்சுது. இத்தனை நாளா உங்களுக்காகப் பொறாமைப்பட்டேன்னு நெனச்சுக்கிட்டு இருந்தேன். இல்ல. அவ வச்ச குழம்பை நீங்க சாப்பிட்டா எனக்கு எரியும், இல்லேன்னு சொல்லல. ஆனா அது எரிஞ்சு ஆறிடும். எனக்குச் சேர வேண்டிய சிரிப்பு அவளுக்குப் போறதை என்னால தாங்க முடியாது. அது ஆறவே ஆறாது. இதைச் சொல்ல வெக்கமா இருக்கு. நல்ல பெண்டாட்டிக்கு இது தலைகீழாத்தான் இருக்கணும். எனக்கு இப்படித்தான் இருக்கு.

நான் எழுதணும், அவ பேசணும், நான் டீ போட்டு வைக்கணும். இதுக்கு நான் சந்தோஷப்படணும்னு வேற எழுதியிருக்கீங்க. உங்களுக்குக் கெட்ட எண்ணம் இல்லேன்னு தெரியும், அதனாலதான் இன்னும் கோபமா வருது.

இதோட ஒரு படிவம் வச்சிருக்கேன். வார்டு ஆபீஸ்ல குடுக்கிற விவாகரத்துப் படிவம். என் பக்கத்தை எழுதி முத்திரையும் குத்திட்டேன். பிரிஞ்ச பிறகும் ஜோடியா மேடை ஏறுறவங்க நம்ம ஊர்ல இருக்காங்க, உங்களுக்கே தெரியும். அதனால கேட்டுக்குங்க. ரெண்டு இடமும் குடுத்தா ரெண்டையும் வாங்கிக்கிறேன். ஒண்ணுதான்னு சொன்னா, பெண்டாட்டி இடத்தை யாருக்கு வேணா குடுத்துக்குங்க, மைக் பக்கத்துல இருக்கிற இடத்தை எனக்குக் குடுங்க. பெண்டாட்டி இடம் மட்டும்தான்னா, எனக்கு வேண்டாம். படிவத்துல உங்க முத்திரையைக் குத்திக் குடுத்துடுங்க.

மசுயோ


ஒசாகா
28 நவம்பர்

மசு,

கடிதமும் படிவமும் நேத்து வந்துது. விரைவுத் தபால்ல அனுப்புறேன், எனக்கு முன்னாடி இது வந்து சேரணும்.

இருபத்தஞ்சுக்கு மேல ரெண்டு நாள் கெடு கேட்டு வச்சிருந்தேன், நேத்து டோக்கியோவுக்கு முடியாதுன்னு சொல்லிட்டேன். குரோதா கத்தினார், காப்பிக் கோப்பையைத் தூக்கிப் போட்டார். அப்புறம், "அந்தக் குரல்ல ஒரு தடவை கேட்டுட்டு முடிவு பண்றேன்"னார். நீங்க முடிவு பண்ண ஒண்ணும் இல்லேன்னு சொன்னேன். எனக்கே என் வாயான்னு இருந்துது. ஜனவரி ஒண்ணாம் தேதி முதல் ஆட்டத்துக்கு "மசுயோ–தொகுஜி"ன்னு பலகை எழுதக் குடுத்தாச்சு. ருமிக்கு வேற ஒரு பொண்ணை ஜோடி சேர்த்து விட்டிருக்கேன். அழுதா. அழுதுட்டு, "அக்காகிட்ட நான் ஒரு நாள் நேர்ல திட்டு வாங்கணும் அண்ணா, அப்பதான் எனக்கு அது வரும்"னா. நீ வந்து அவளை என்ன பண்ணணுமோ பண்ணு.

படிவத்துல நான் முத்திரை குத்தல. ரெண்டு இடமும் உன்னோடதுதான். நல்ல பெண்டாட்டி எப்படி இருக்கணும்னு எனக்குத் தெரியாது, நான் ஒருத்தியோடத்தான் வாழ்ந்திருக்கேன். ஒரு இடம் போதும்னு நீ நேர்ல சொன்னா, அன்னைக்கு யோசிக்கிறேன்.

படிவத்தை ஒரே ஒரு தடவைதான் பார்த்தேன். கடிதத்தைத்தான் திரும்பத் திரும்பப் படிக்கிறேன். அதுவும் ஒரே பக்கத்தை. யார் அந்த ஹமாகுச்சி? என்ன வயசு? சரியான இடத்துல முழிச்சார்னா என்ன அர்த்தம்? பதினாலு வருஷத்துல நான் சரியான இடத்துல முழிச்சேன்னு நீ ஒரு தடவைகூடச் சொன்னதில்ல. யார் சொல்லிக் குடுத்து சிலேட்டைக் கழுத்துல மாட்டிக்கிட்டான்? நீ சொன்னியா, அவனா பண்ணினானா? அவனா பண்ணினான்னா அது நல்லதுக்கில்ல, அவனுக்குத் தொழில் தெரியும். எந்தப் பக்கம் நின்னான்? வலது பக்கமா? மேடையில நீ திட்டி இருபது நிமிஷம் நானே வாங்கினதில்ல, பதினஞ்சுல மணி அடிச்சுடுவாங்க. நேத்துல இருந்து சாப்பாடு இறங்கல. நீ எழுதினப்போ எல்லாம் இது உனக்கு இப்படி இருந்துதுன்னா, நான் அதைப் படிச்சுச் சிரிச்சிருக்கேன், என்னை என்ன பண்ணாலும் தகும்.

இங்க பத்து நாள் ஆட்டம் திங்கட்கிழமையோட முடியுது. செவ்வாய்க்கிழமை காலை வண்டியில கிளம்புறேன், மத்தியானத்துக்குள்ள வந்துடுவேன். அது வரைக்கும் விருந்துக்குத் தட்டு தூக்கப் போகாதே. அந்த ஆள் வந்தா அக்காவை விட்டுப் பேசச் சொல்லு. நான் வந்து சேர்ற வரைக்கும் வேற யாரையும் திட்டாதே.

தொகுஜி